ரேடியேட்டரில் இருப்பது தண்ணீர் அல்ல

ஆழியாறிலிருந்து வால்பாறைக்கு 40 கொண்டை ஊசி வளைவுகள். ஒன்பதாவது வளைவில் லோம்ஸ் காட்சிமுனை. அங்கே இறங்கி அணையைப் பார்த்துவிட்டுக் கிளம்பிய எங்கள் கார், இன்னும் நான்கைந்து வளைவு ஏறியதும் திணற ஆரம்பித்தது. சித்திரை வெயில், முழு வேகத்தில் ஏசி, உள்ளே ஐந்து பேர், டிக்கி நிறையக் கல்யாணச் சீர்ப் பாத்திரம். வெப்பமுள் சிவப்புக் கோட்டைத் தொட்டதை ஒருவரும் கவனிக்கவில்லை. பானெட் ஓரத்தில் ஆவி வந்தபிறகுதான் பார்த்தோம். வண்டியை ஓரங்கட்டியதும் என் மச்சான் தோளில் கிடந்த துண்டைக் கையில் சுற்றிக்கொண்டு ரேடியேட்டர் மூடியைத் திருகப் போனார்.

"யோவ், கைய எடுய்யா! மூஞ்சி வெந்துரும்!"

பின்னால் வந்த லாரிக்காரர். வண்டியை நிறுத்திவிட்டு இறங்கி வந்தார். "அரை மணி நேரம் எதையும் தொடாதீங்க சார். வரையாடு வரும், பாத்துக்கிட்டு நில்லுங்க" என்றார். நின்றோம். ஆடு வரவில்லை. இன்ஜின் ஆறியது. அவரே மூடியைப் பாதி திருகி, மிச்ச ஆவியை வெளியே விட்டு, பிறகு முழுதாகத் திறந்தார். உள்ளே டீ டிகாக்‌ஷன் நிறத்தில் துருத் தண்ணீர்.

"கூலண்ட் கடைசியா எப்ப மாத்துனீங்க?"

"மாத்தணுமா?" என்று கேட்டேன். மூன்று வருடமாகத் தொட்டியில் அளவு குறையும்போதெல்லாம் வீட்டு போர்த் தண்ணீரை ஊற்றிக்கொண்டிருந்தவன் நான். இந்த அத்தியாயம் அந்த "மாத்தணுமா?"வுக்கான பதில்.

நம் ஊரில் பனி எங்கே?

டப்பாவில் "ஆன்டிஃப்ரீஸ்" என்று போட்டிருப்பதுதான் முதல் குழப்பம். உறையாமல் காக்கும் திரவம் என்று பொருள். மதுரையிலும் வேலூரிலும் வண்டி ஓட்டுகிறவருக்கு அது எதற்கு? மார்கழி, தை மாதங்களில் உதகை பக்கம் தலைகுந்தா, அவலாஞ்சி புல்வெளிகளில் வெள்ளையாக உறைபனி படியும். தமிழ்நாட்டில் அவ்வளவுதான் பனி. அதனால் "நமக்குத் தண்ணியே போதும்" என்று முடிவு கட்டிவிடுகிறோம்.

பெயர் வைத்தது குளிர் நாட்டுக்காரர்கள். அவர்களுக்குப் பெரிய பயம் உறைவது. தண்ணீர் உறையும்போது கிட்டத்தட்ட 9 சதவீதம் பருத்துவிடும். இரும்பு பிளாக்கையே பிளந்துவிடும். தொடக்க காலக் கார்களில் இதற்காக மெத்தனால் போன்ற சாராய வகைகளைக் கலந்து பார்த்தார்கள். இன்ஜின் சூட்டில் அவை ஆவியாகிப் போயின. 1920களின் பிற்பகுதியில் எத்திலீன் கிளைக்கால் கடைக்கு வந்தபிறகுதான் ஒரு முறை ஊற்றிவிட்டுக் குளிர்காலம் முழுவதும் நிம்மதியாக இருக்க முடிந்தது. அதன் கொதிநிலை 197 டிகிரி, சாராயம்போல் பறந்துவிடாது.

இந்தத் திரவத்துக்கு மூன்று வேலை: உறையவிடாமல் வைப்பது, எளிதில் கொதிக்கவிடாமல் வைப்பது, உள்ளே துருப்பிடிக்காமல் காப்பது. குளிர் நாட்டில் முதல் வேலை முக்கியம். நமக்கு வரிசை தலைகீழ்: துரு முதலில், கொதிப்பு அடுத்து, உறைவது கடைசி. ஆகவே "கூலண்ட்" என்று நம் மெக்கானிக்குகள் சொல்வதே நமக்குப் பொருத்தமான பெயர்.

குக்கர் கணக்கு

எரிபொருளை எரித்துக் கிடைக்கும் சக்தியில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு, சக்கரத்துக்குப் போகாமல் வெறும் சூடாகக் கூலண்டில் இறங்குகிறது. வாட்டர் பம்ப் அதை இன்ஜினுக்குள் சுற்றவிட்டு ரேடியேட்டருக்குக் கொண்டுவருகிறது. காற்று பட்டு ஆறித் திரும்புகிறது. நன்றாக ஓடும் வண்டியில் கூலண்ட் 90 டிகிரியை ஒட்டியே இருக்கும். கொதிக்கும் தண்ணீருக்கு 10 டிகிரிதான் பாக்கி. மலை ஏற்றத்தில் அந்தப் பத்து டிகிரி நொடியில் போய்விடும்.

இங்கேதான் ரேடியேட்டர் மூடி வருகிறது. அதை வெறும் மூடி என்று நினைப்பவர்கள் தங்கள் சமையலறைக் குக்கரை ஒரு முறை பார்த்துவிட்டு வரலாம். குக்கரில் வெயிட் போட்டால் அழுத்தம் கூடி, உள்ளே தண்ணீர் 100ஐத் தாண்டி 120 டிகிரி வரை கொதிக்காமல் சூடேறுகிறது. ரேடியேட்டர் மூடியின் மேல் 0.9 அல்லது 1.1 என்று ஓர் எண் பொறித்திருக்கும். அதுதான் அந்த மூடியின் வெயிட். 1.1 மூடி சரியாக இருந்தால் உள்ளே இருக்கும் வெறும் தண்ணீரே 120ஐத் தாண்டித்தான் கொதிக்கும். பாதிக்குப் பாதி கிளைக்கால் கலந்திருந்தால் 130ஐ எட்டும் வரை தாங்கும்.

மூடியின் ரப்பர் தளர்ந்துபோனால் இந்தக் கணக்கு முழுவதும் வீண். அப்போது வெளிக்காற்றின் அழுத்தம்தான் மிச்சம். உதகை உயரத்தில், அதாவது சுமார் 2,240 மீட்டரில், திறந்த பாத்திரத்தில் தண்ணீர் 92, 93 டிகிரியிலேயே கொதித்துவிடும். சமவெளியில் ஒழுங்காக ஓடிய வண்டி மலையில் மட்டும் கொதிக்கிறது என்றால், கூலண்டையும் பம்ப்பையும் சந்தேகிக்கும் முன்பு மூடியை மாற்றிப் பாருங்கள். இருக்கும் உதிரிபாகங்களில் மலிவானவற்றில் அதுவும் ஒன்று. அதே எண் பொறித்த மூடிதான் போட வேண்டும்.

சூடான மூடியை ஏன் திறக்கக் கூடாது என்பதற்கும் இதே குக்கர்தான் விடை. விசில் அடங்கும் முன்பு குக்கரைத் திறந்தால் பருப்பு கூரையில் இருக்கும். 115 டிகிரியில் அழுத்தத்தால் அடங்கிக் கிடக்கும் திரவம், மூடி திறந்த அந்தக் கணமே ஆவியாகச் சீறும். மச்சானின் முகம் அன்று தப்பியது அந்த லாரிக்காரரால்.

எவ்வளவு ஊற்றுவது?

சுத்தமான கிளைக்காலையே ஊற்றினால் இன்னும் நல்லதுதானே என்று தோன்றும். இல்லை. சூட்டைச் சுமந்து போகும் திறனில் தண்ணீரை மிஞ்ச ஆள் இல்லை. ஒரு கிலோ தண்ணீரை ஒரு டிகிரி சூடாக்க 4.2 கிலோஜூல் வேண்டும், கிளைக்காலுக்கு 2.4 போதும். அதாவது, அதே சூட்டை வாங்கினால் கிளைக்கால் சீக்கிரம் காய்ந்துவிடும். தண்ணீரைவிடக் கெட்டியும்கூட. இன்னொரு வேடிக்கை: சுத்தக் கிளைக்கால் மைனஸ் 13 டிகிரியிலேயே உறைந்துவிடும், பாதிக்குப் பாதி தண்ணீர் கலந்தால் மைனஸ் 37 வரை உறையாது. 60 சதவீதம் வரை போனால் இன்னும் கொஞ்சம் இறங்கும். 70ஐத் தாண்டினால் திரும்ப ஏற ஆரம்பித்துவிடும். இரண்டாம் உலகப்போரில் பறந்த ஸ்பிட்ஃபயர் விமானத்தின் மெர்லின் இன்ஜினுக்குத் தொடக்கத்தில் தூய கிளைக்கால்தான் ஊற்றினார்கள். பிறகு அவர்களே 30 சதவீதம் கிளைக்கால், 70 சதவீதம் தண்ணீர் என்று மாற்றி, அழுத்தத்தைக் கூட்டிக்கொண்டார்கள்.

தமிழ்நாட்டுக்குள் ஓடும் வண்டிக்கு 30 முதல் 50 சதவீதம் வரை எதுவும் சரி. உங்கள் வண்டியின் கையேடு என்ன சொல்கிறதோ அதுவே இறுதி. நாமக்கல், சங்ககிரி பக்கத்து நேஷனல் பெர்மிட் லாரிகள் காஷ்மீர்வரை போகின்றன. புல்லட்டில் லடாக் போகும் இளைஞர்களின் கூட்டமும் கூடிக்கொண்டிருக்கிறது. காற்றில் குளிரும் பழைய புல்லட்டுக்கு இந்தக் கவலை இல்லை. அதே கம்பெனி 2023இல் விட்ட ஹிமாலயன் 450தான் அவர்களுடைய முதல் திரவக் குளிர்விப்பு வண்டி; அதற்கு உண்டு. வடக்கே குளிர்காலத்தில் போகிறவர்கள் 50 சதவீதத்துக்குக் குறையாமல் வைத்துக்கொள்ளுங்கள். இங்கே வெறும் தண்ணீரில் ஓடிய வண்டியை லடாக்கின் திராஸில் ஓர் இரவு வெளியே நிறுத்தினால், காலையில் பிளாக் பிளந்திருக்கலாம்.

கடையில் இரண்டு வகை டப்பா இருக்கும். ஒன்று கெட்டியானது, தண்ணீர் கலக்க வேண்டும். மற்றது கலந்தே வருவது, அப்படியே ஊற்றலாம். பின்பக்க எழுத்தைப் படிக்காமல் வாங்கிக் கலந்ததிலேயே மறுபடி தண்ணீர் கலப்பவர்கள் நிறைய. டப்பாவில் ஐ.எஸ். 5759 என்ற இந்தியத் தர எண் இருக்கிறதா என்றும் பாருங்கள். சாயத் தண்ணீர் விற்கிற கடைகளும் உண்டு. சந்தேகம் வந்தால் ரிஃப்ராக்டோமீட்டர் என்கிற சின்னக் குழாய்க் கருவி ஒன்று கிடைக்கிறது. ஒரு சொட்டு வைத்து வெளிச்சத்தில் பார்த்தால் எத்தனை டிகிரியில் உறையும் என்று சொல்லிவிடும். நான்கு வண்டி வைத்திருப்பவர் ஒன்று வாங்கி வைக்கலாம்.

துருவும் உப்பும்

எங்கள் வீட்டு வாட்டர் ஹீட்டர் கம்பியை இரண்டு வருடத்துக்கு ஒரு முறை எடுத்துப் பார்ப்பேன். வெள்ளையாகச் சுண்ணாம்புபோல் படிந்திருக்கும். போர்த் தண்ணீரின் உப்பு அது. அதே படிவு இன்ஜினுக்குள் சிலிண்டரைச் சுற்றியும், ரேடியேட்டரின் விரல்நகம் அகலக் குழாய்களுக்குள்ளும் படிந்தால் என்ன ஆகும்? சூடு வெளியே வர வழி இருக்காது. நகராட்சிக் குழாய்த் தண்ணீரும் முழுத் தீர்வு இல்லை; அதில் குளோரின் சேர்கிறது. பேட்டரிக்கு ஊற்றும் டிஸ்டில்டு வாட்டர் கேன்தான் இதற்கும் சரி. ஏசி பைப்பில் சொட்டும் தண்ணீரைப் பிடித்து ஊற்றுகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். உப்பு இருக்காது, உண்மை. ஆனால் தூசியும் பாசியும் சேர்ந்தே வரும். கேன் விலைக்கு அது தேவையில்லாத மிச்சம்.

துரு இன்னும் மோசம். வார்ப்பிரும்பு பிளாக், அலுமினிய ஹெட், செம்பு அல்லது அலுமினிய ரேடியேட்டர், நடுவே ஈயப் பற்று என்று பல உலோகங்கள் ஒரே தண்ணீரில் நனைந்திருந்தால், அது ஒரு பேட்டரிபோலவே வேலை செய்யும். ஓர் உலோகம் மற்றொன்றுக்காக அரிபட்டுக்கொண்டே போகும். கூலண்டின் அரிப்புத் தடுப்பு மருந்து இதைத்தான் தடுக்கிறது. டப்பாவில் சில சதவீதமே இருக்கும் இந்த மருந்துதான் முதலில் தீர்ந்துபோவது. கிளைக்கால் அப்படியே இருக்கும், பச்சை நிறமும் அப்படியே இருக்கும், பாதுகாப்பு மட்டும் போயிருக்கும். வருடக்கணக்கில் சூட்டில் சுற்றும் கிளைக்காலே மெல்லப் புளித்து அமிலமாகவும் மாறும். "கலர் நல்லாத்தானே இருக்கு" என்று தள்ளிப்போடுவது இதனால்தான் தப்பு.

லாரி, டிராக்டர், பெரிய ஜெனரேட்டர் வைத்திருப்பவர்களுக்குத் தனியாக ஒன்று சொல்ல வேண்டும். இவற்றில் பலவற்றில் சிலிண்டர் லைனரின் வெளிப்பக்கம் நேராகக் கூலண்டைத் தொட்டுக்கொண்டிருக்கும். டீசல் வெடிக்கும் ஒவ்வொரு முறையும் லைனர் நுண்ணிய அளவில் அதிர்கிறது. அந்த அதிர்வில் வெளிச்சுவரை ஒட்டிக் குமிழிகள் உண்டாகி உடைகின்றன. ஒவ்வொரு குமிழியும் உடையும்போது ஊசியால் குத்தியதுபோல் ஓர் அடி. நாளடைவில் கழற்றிப் பார்த்தால் லைனர் ஒரு பக்கம் அம்மைத் தழும்புபோல் குழி குழியாக இருக்கும். ஒரு குழி உள்ளே புகுந்தால் கூலண்ட் ஆயிலில் இறங்கிவிடும். ஒரு மனிதர் மூன்று சிலிண்டர் லைனரை மேசையில் வரிசையாக வைத்து எனக்குக் காட்டினார். ஊசித் துளை வழியாக ட்யூப்லைட் வெளிச்சம் தெரிந்தது. கார் கூலண்டை லாரிக்கு ஊற்றியதன் கூலி. கனரக டீசலுக்கென்று வரும் கூலண்டில் இந்தக் குழியைத் தடுக்கும் மருந்து தனியாகச் சேர்ந்திருக்கும். விலை கூட, ஆனால் ஹாஃப் இன்ஜின் வேலையோடு ஒப்பிட்டால் ஒன்றுமே இல்லை.

நிறத்தை நம்பாதீர்கள்

பச்சை, ஆரஞ்சு, இளஞ்சிவப்பு, நீலம், ஊதா என்று வருகிறது. சுத்தக் கிளைக்காலுக்கு நிறமே கிடையாது, எல்லாம் சாயம். எந்த நிறம் எந்த மருந்து என்பதற்குப் பொது விதி இல்லை. பொதுவாகப் பழைய பாணிப் பச்சை இரண்டு வருடம் தாங்கும். கரிம அமில மருந்து போட்ட புதிய வகைகள் ஐந்து வருடம்வரை போகும். வேறு வேறு வகைகளைக் கலந்தால் மருந்துகள் ஒன்றையொன்று கெடுக்கும். சில சமயம் கஞ்சிபோல் திரிந்து ரேடியேட்டரை அடைத்துவிடும். அவசரத்துக்கு அளவு நிரப்ப வேண்டும், அதே கூலண்ட் கிடைக்கவில்லை என்றால், வேறு கூலண்டை ஊற்றுவதைவிட டிஸ்டில்டு வாட்டர் ஊற்றுவது நல்லது.

இன்னொரு எச்சரிக்கை. 2020 ஏப்ரலுக்குப் பிறகு வந்த பி.எஸ். 6 டீசல் வண்டிகள் பலவற்றில் யூரியாத் திரவத்துக்குத் தனித் தொட்டி இருக்கிறது. பானெட்டுக்குள் கண்ணாடி துடைக்கும் தண்ணீருக்கும் ஒரு தொட்டி. மூடியில் போட்டிருக்கும் படத்தைப் பார்க்காமல் எதையும் ஊற்றாதீர்கள். மின்சாரக் காரில் பேட்டரியைச் சுற்றி ஓடும் கூலண்டுக்கு நிறுவனம் சொல்வதைத் தவிர வேறு எதையும் போடக் கூடாது. அதை வீட்டில் மாற்றவும் வேண்டாம்.

மாற்றும் முறை

வாரம் ஒரு முறை, காலையில் வண்டியை எடுக்கும் முன்பு, வெள்ளைப் பிளாஸ்டிக் தொட்டியில் கூலண்ட் மேல்கோட்டுக்கும் கீழ்கோட்டுக்கும் நடுவே இருக்கிறதா பாருங்கள். கசிவு தெரியாமல் அளவு மட்டும் குறைந்துகொண்டே வந்தால், ஆயில் கேஜை உருவிப் பாருங்கள். ஆயில் பால் காபி நிறத்தில் இருந்தால் ஹெட் கேஸ்கெட் போயிருக்கும். சைலன்சரில் தித்திப்பு வாடையோடு வெள்ளைப் புகை வந்தாலும் அதுவே. டாஷ்போர்டுக்குக் கீழே கால்மிதி ஈரமாகி, காருக்குள் இனிப்பு வாடை அடித்தால் ஹீட்டர் குழாய் கசிகிறது.

மாற்றும் வேலையை முழுக்க ஆறிய இன்ஜினில்தான் செய்ய வேண்டும். சாவியை எடுத்தபிறகும் மின்விசிறி தானாகச் சுழலும் வண்டிகள் உண்டு. கையை அருகே விடும் முன்பு பேட்டரி இணைப்பைக் கழற்றிவிடுவது நல்லது. ரேடியேட்டரின் அடித் திருகைத் திறந்து, அகலமான தட்டில் பிடியுங்கள். தரையில் ஒரு சொட்டுகூட விடாதீர்கள்; காரணம் பின்னால் வருகிறது. பிறகு டிஸ்டில்டு வாட்டர் நிரப்பி, இன்ஜினை ஓடவிட்டு, ஆறவிட்டு வடியுங்கள். தெளிவாக வரும்வரை இரண்டு மூன்று முறை.

இப்போது பலர் தவறும் இடம். ஆறு லிட்டர் கொள்ளளவுள்ள வண்டியில் நான்கு லிட்டர்தான் வடிந்திருக்கும். கழுவிய தண்ணீர் இரண்டு லிட்டர் பிளாக்குக்குள் தங்கியிருக்கும். அந்த நான்கு லிட்டர் இடத்தில் கலந்து வந்த கூலண்டை ஊற்றினால் கலவை நீர்த்துப்போகும். ஆகவே கெட்டிக் கூலண்டை வாங்கி, மொத்தக் கொள்ளளவில் பாதியை, அதாவது மூன்று லிட்டரை முதலில் ஊற்றிவிட்டு, மிச்ச இடத்தைத் தண்ணீரால் நிரப்புங்கள். கணக்கு பாதிக்குப் பாதி வந்துவிடும். ஹீட்டரை முழுச் சூட்டில் வைத்து, மூடி திறந்தபடி இன்ஜினை ஓடவிட்டால் உள்ளே சிக்கிய காற்று குமிழிட்டு வெளியேறும். காற்று தங்கினால் புதுக் கூலண்டோடும் வண்டி கொதிக்கும். மூடி தொட்டியில் மட்டுமே இருக்கும் வண்டிகளில் காற்றெடுக்கும் முறை வேறு, கையேட்டைப் பாருங்கள்.

"அண்ணே, தெர்மோஸ்டாட்டக் கழட்டிப் போட்றலாமா? நம்ம வெயிலுக்கு எதுக்கு அது?" என்று பட்டறைத் தம்பி கேட்பார். வேண்டாம் என்று சொல்லுங்கள். அதைக் கழற்றினால் இன்ஜின் சரியான சூட்டுக்கு வரவே நேரமாகும், மைலேஜ் குறையும், ஆயில் கெடும். சில இன்ஜின்களில் கூலண்ட் ரேடியேட்டருக்குப் போகாமல் குறுக்கு வழியில் சுற்றி, முன்னைவிட அதிகமாகவே கொதிக்கும். பழுதானால் புதிதாகப் போடச் சொல்லுங்கள்.

வழியில் கொதித்தால்

முள் ஏறுவது தெரிந்தவுடன் ஏசியை அணையுங்கள், ஹீட்டரை முழுதாகத் திறந்து ஃபேனை உச்சத்தில் வையுங்கள். மே மாதத்தில் இது சித்திரவதைதான். ஆனால் ஹீட்டர் என்பதே இன்னொரு குட்டி ரேடியேட்டர், சூட்டை இன்ஜினிலிருந்து பிடுங்கி உங்கள் முகத்தில் ஊதும். அப்படியும் இறங்காவிட்டால் ஓரங்கட்டுங்கள். ஆவி வந்தால் உடனே இன்ஜினை அணையுங்கள். காய்ந்த இன்ஜின் மேல் பச்சைத் தண்ணீரை ஊற்றாதீர்கள், உலோகம் வெடித்துவிடும். அரை மணி நேரம், முடிந்தால் இன்னும் கொஞ்சம், பொறுத்திருங்கள். பிறகு குடிதண்ணீர் பாட்டில் ஊற்றி ஊர் சேரலாம், தப்பில்லை. ஊர் வந்ததும் வடித்துவிட்டுக் கூலண்ட் போட மறக்காதீர்கள்.

இனிக்கும் விஷம்

இந்த நூலில் வேறு எந்த அத்தியாயத்தைத் தவறவிட்டாலும் இந்தப் பகுதியைத் தவறவிடாதீர்கள்.

எத்திலீன் கிளைக்கால் இனிக்கும். கிளிப் தளர்ந்து, வண்டிக்கடியில் சொட்டிக் கிடக்கும் அந்தப் பச்சைக் குட்டையை நாய் நக்கும், பூனை நக்கும். தவழும் குழந்தை விரலை வைத்து வாயில் வைக்கும். உடல் எடையில் கிலோவுக்கு சுமார் 1.4 மில்லி சுத்தக் கிளைக்கால் உயிரைக் குடிக்கப் போதும் என்று மருத்துவ நூல்கள் சொல்கின்றன. பெரியவர் ஒருவருக்கு டீக்கடைக் கண்ணாடி டம்ளர் அளவு. பத்துக் கிலோ குழந்தைக்கு மூன்று டீஸ்பூன். ஒரு பூனைக்கு ஒரு டீஸ்பூன்.

இதன் கொடூரம் அது வேலை செய்யும் விதத்தில் இருக்கிறது. குடித்த அரை மணியிலிருந்து சில மணி நேரத்துக்குள் குடிகாரன்போல் தள்ளாட்டம், குமட்டல். பிறகு கொஞ்சம் தெளிந்ததுபோல் தோன்றலாம். "தூங்கி எந்திரிச்சா சரியாயிடும்" என்று வீட்டார் நினைப்பது அப்போதுதான். அதற்குள் ஈரல் அதை உடைத்து கிளைக்காலிக் அமிலமாகவும் ஆக்ஸாலிக் அமிலமாகவும் மாற்றிவிடுகிறது. ஆக்ஸாலிக் அமிலம் இரத்தத்துக் கால்சியத்தோடு சேர்ந்து ஊசி ஊசியான படிகமாகச் சிறுநீரகத்தில் தங்குகிறது. இரண்டு மூன்று நாளில் சிறுநீர் நின்றுபோகும்.

மருந்து இருக்கிறது: ஃபோமெபிசோல். அது கிடைக்காத இடத்தில் அளந்து கொடுக்கும் எத்தனால். முற்றிய நிலையில் டயாலிசிஸ். ஈரலில் இந்த மாற்றத்தைச் செய்யும் நொதியை மறிப்பதுதான் மருந்தின் வேலை என்பதால், எவ்வளவு சீக்கிரம் கொடுக்கிறோமோ அவ்வளவு நல்லது. எத்தனால் என்றதும் வீட்டிலேயே சாராயம் கொடுத்துப் பார்க்கும் யோசனை வேண்டாம். புளித் தண்ணீர், உப்புத் தண்ணீர் கரைத்துக் கொடுத்து வாந்தி எடுக்கவைக்கவும் வேண்டாம். உடனே 108ஐ அழையுங்கள்; டப்பாவைக் கையோடு கொண்டுபோய் மருத்துவரிடம் காட்டுங்கள். அறிகுறி வரும்வரை காத்திருக்காதீர்கள். நாய், பூனை என்றால் கால்நடை மருத்துவரிடம், அதே வேகத்தில்.

கிளைக்கால் குடும்பத்தின் இன்னொரு பிள்ளை டைஎத்திலீன் கிளைக்கால். 1937இல் அமெரிக்காவில் அதில் கரைத்து விற்ற சல்ஃபா மருந்து நூற்றுக்கும் மேற்பட்டவர்களைக் கொன்றது. அதற்கு அடுத்த ஆண்டே அங்கே மருந்துச் சட்டம் கடுமையானது. 2022இல் இந்தியாவிலிருந்து காம்பியாவுக்குப் போன இருமல் மருந்துகளில் இவ்விரண்டு கிளைக்காலும் இருப்பதாக உலக சுகாதார நிறுவனம் எச்சரித்தது. 2025இல் மத்தியப் பிரதேசத்தில் குழந்தைகளைப் பலிகொண்ட மருந்து நம் காஞ்சிபுரம் மாவட்டத்தில் தயாரானது. மருந்திலேயே இப்படி என்றால், ஷெட்டில் திறந்து கிடக்கும் டப்பாவை என்ன சொல்வது?

வெளிநாட்டுக் கூலண்டுகள் சிலவற்றில் டெனடோனியம் என்ற கடுங்கசப்புப் பொருளைச் சேர்க்கிறார்கள். நீங்கள் வாங்கும் டப்பாவில் அது இருக்கும் என்று நம்பிக்கொண்டு இருக்காதீர்கள். வீட்டில் சிறு குழந்தைகளோ வளர்ப்பு விலங்குகளோ இருந்து, உங்கள் வண்டிக்கு நிறுவனம் அனுமதித்தால், புரோப்பிலீன் கிளைக்கால் அடிப்படையிலான கூலண்டைத் தேடலாம். நச்சு வெகுவாகக் குறைவு. ஆனால் வடித்த பழைய கூலண்டில் ஈயமும் துத்தநாகமும் கரைந்திருக்கலாம் என்பதால், ஓடித் தீர்ந்த பிறகு இந்த வகையையும் பாதுகாப்பானது என்று எண்ண வேண்டாம்.

கொட்டுவது எங்கே?

வடித்த கூலண்டைப் பட்டறை வாசலில் சாக்கடையில் ஊற்றுவதுதான் நம் வழக்கம். "தண்ணிதானே அண்ணே, போயிடும்" என்பார்கள்.

கிளைக்கால் பிளாஸ்டிக்போல் நூறாண்டு கிடப்பதில்லை. மண்ணிலும் நீரிலும் உள்ள பாக்டீரியா சில நாள்கள், சில வாரங்களில் தின்றுவிடும். கேட்க நல்ல செய்தி. ஆனால் தின்னும்போது அவை நீரில் கரைந்த ஆக்சிஜனை உறிஞ்சும். ஒரு கிராம் கிளைக்கால் முழுவதும் சிதைய ஏறத்தாழ 1.3 கிராம் ஆக்சிஜன் வேண்டும். பாதிக்குப் பாதி கூலண்ட் ஒரு லிட்டரில் 550 கிராம் கிளைக்கால். அதற்கு 700 கிராமுக்கு மேல் ஆக்சிஜன். நம் வெயிலில் ஒரு லிட்டர் குளத்து நீரில் கரைந்திருப்பது அதிகம் போனால் 7.5 மில்லிகிராம். வகுத்துப் பாருங்கள்: 90,000 லிட்டருக்கும் மேற்பட்ட தண்ணீரின் மூச்சு. 12,000 லிட்டர் தண்ணீர் லாரி ஏழெட்டு. ஒரு லிட்டர் கூலண்டுக்கு. ஓடும் ஆறு காற்றிலிருந்து திரும்ப மூச்சு வாங்கிக்கொள்ளும். தேங்கிய குட்டையும் ஏரி ஓரமும் அவ்வளவு சுலபமாக வாங்காது. ஈயமோ எந்தப் பாக்டீரியாவாலும் தின்ன முடியாதது; கிணற்றுக்குப் போனால் போனதுதான்.

ஆகவே வடித்ததை, முதல் முறை கழுவிய தண்ணீரையும் சேர்த்து, கூலண்ட் வந்த அதே கேனில் ஊற்றி இறுக மூடுங்கள். பழைய ஆயிலோடு கலக்காதீர்கள். கலந்தால் இரண்டையும் மறுசுழற்சிக்கு எடுக்க மாட்டார்கள். செப்டிக் டேங்கில் விடாதீர்கள். அடுத்த முறை சர்வீஸுக்குப் போகும்போது, பழைய ஆயிலைத் தனி டிரம்மில் சேர்ப்பதுபோல் கூலண்டையும் சேர்க்கிறார்களா என்று கேட்டு, சேர்க்கும் இடத்தில் கொடுங்கள். இல்லை என்பார்கள் சில இடங்களில். நாலு பேர் கேட்டால்தான் ஐந்தாவது ஆளுக்காக டிரம் வைப்பார்கள். தரையில் சிந்தியதைத் தண்ணீர் அடித்துத் தள்ளாமல், மரத்தூளோ மணலோ போட்டு ஊறவைத்து அள்ளி, பையில் கட்டிவிட்டு, அதற்குப் பிறகு கழுவுங்கள்.

கடைசியாக ஒன்று. கார் ஷெட்டில், மாடிப்படிக்கு அடியில், பைக் நிறுத்தும் மூலையில், பழைய மினரல் வாட்டர் பாட்டிலிலோ குளிர்பான பாட்டிலிலோ பச்சையாக, இளஞ்சிவப்பாக ஏதாவது இருக்கிறதா? புத்தகத்தைக் கவிழ்த்து வைத்துவிட்டு, எழுந்து போய் இப்போதே பாருங்கள்.